பதினேழு நாள் போட்ட சட்டை

வெள்ளைத் துணியில் பச்சைக் கட்டம். அரைக் கை. மேலிருந்து மூன்றாவது பித்தான் மட்டும் பழுப்பு, மற்றவை வெள்ளை. பையில் நீல மூடிப் பேனா.

என் நோட்டில் நாற்பத்தொன்றாவது பதிவு இது. இந்தச் சட்டையை ஒரு மனிதர், நான் சொன்ன ஒரே ஒரு வாக்கியத்தை நம்பி, பதினேழு நாள் விடாமல் போட்டார். ஆவணப்படம் எடுக்க வந்திருக்கும் உங்களில் சிலர், நான் ஓய்வு பெற்றுவிட்டேன் என்று தெரிந்ததும் அறிவுரை கேட்க ஆரம்பித்திருக்கிறீர்கள். துக்கம் நடந்த வீட்டில் கேமராவை எங்கே வைப்பது, அழுகிறவரிடம் எப்போது கேள்வி கேட்பது, எப்போது வாயை மூடிக்கொள்வது. இவற்றுக்கு என்னிடம் உருப்படியான பதில் கிடையாது. இந்தச் சட்டைதான் இருக்கிறது. எழுத உட்கார்ந்த பிறகு இரண்டு முறை எழுந்துபோய்ச் சிரித்துவிட்டு வந்தேன் என்பதையும் பதிவு செய்துவிடுகிறேன்.

என் கடைசிப் படம் அது. ஒருவர் போன பிறகு அவருடைய பொருட்களை வீட்டார் என்ன செய்கிறார்கள் என்பதுதான் கரு. செருப்பு, மூக்குக் கண்ணாடி, பாதி தீர்ந்த மாத்திரை அட்டை. மூன்று வீடுகள்: அடையாறில் ஒன்று, தியாகராய நகரில் ஒன்று, மூன்றாவது மயிலாப்பூரில், மந்தைவெளிப் பக்கம், பழைய அடுக்குமாடி ஒன்றின் தரைத்தளம். அங்கே சந்தானம் என்பவர் கார் ஓட்டக் கற்றுத்தரும் பள்ளி நடத்திவந்தார். ஒருநாள் காலை காபி குடித்துவிட்டு நாற்காலியில் சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. வயது அறுபத்துமூன்று. நாங்கள் போனபோது முப்பத்தாறு நாள் ஆகியிருந்தது. அவர் மனைவி கோமதி, பள்ளியில் கணக்கு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். தெருவே அவரை டீச்சர் என்றுதான் கூப்பிடும், நானும் அப்படியே கூப்பிட்டேன். சந்தானத்தின் தம்பி தனசேகர், அண்ணனுடைய பள்ளியிலேயே ஓட்டக் கற்றுக்கொடுத்தவர். சட்டைக்காரர் அவர்தான்.

முன்னறையைச் சந்தானம் வகுப்பறையாக வைத்திருந்தார். மொசைக் தரையில் மஞ்சள் பெயின்டால் ஒரு கார் வரைந்திருந்தது. நான்கு கதவு, இரண்டு விளக்கு, பின்னால் டிக்கி. அந்தக் கோடுகளுக்குள் நான்கு பிளாஸ்டிக் நாற்காலிகள். ஓட்டுபவர் நாற்காலிக்கு முன்னால் ஒரு ஸ்டூலில் முடுக்கிய பழைய ஸ்டீயரிங். கீழே, தரையோடு திருகி வைத்த மூன்று மரப் பெடல்கள். பக்கத்தில் ஓர் எண்ணெய் டின். அதன் மூடியில் கியர் தடங்களை வெட்டி, ஓர் இரும்புக் கம்பியைச் செருகியிருந்தார். ரோட்டைக் கண்டாலே பயப்படும் பெண்களுக்கு முதல் பத்து வகுப்பு இந்தக் காரில்தான். அதற்குப் பிறகுதான் நிஜக் கார். கோட்டைத் தாண்டி உள்ளே வர முடியாது. கதவு இருக்கும் இடத்தில் நின்று, இல்லாத கைப்பிடியைத் திருகித் திறந்துதான் வர வேண்டும். அவருடைய சட்டம் அது.

இப்போது என் தவறுக்கு வருகிறேன்.

ஆவணப்படத்துக்கு வருவதற்கு முன் ஒன்பது வருடம் சினிமாவில் கண்டினியூட்டி பார்த்தேன். இன்று பாதியில் நின்ற காட்சியை அடுத்த வாரம் தொடரும்போது கதாநாயகியின் பொட்டும் மேசைமேல் இருந்த டம்ளரும் அதே இடத்தில் இருக்கின்றனவா என்று பார்க்கிற வேலை. எனக்கு அதைக் கற்றுத்தந்தவர், பெயர் வேண்டாம், ஒரு டம்ளர் இரண்டு அங்குலம் நகர்ந்ததற்காக என்னோடு மூன்று நாள் பேசவில்லை. அந்தப் பயம் எலும்புக்குள் போய்விட்டது. முதல் நாள், ஒரு செவ்வாய்க்கிழமை, டீச்சரும் தனசேகரும் பேசிக்கொண்டிருக்கும்போதே வெளிச்சம் போய்விட்டது. பேச்சு பாதியில் நின்றது. நான் வழக்கப்படி நோட்டை எடுத்து, அறையில் இருந்த நாற்பது பொருட்களை இடம், கோணம், நிலை என்று எழுதினேன். நாற்பத்தொன்றாவதாகச் சட்டையை எழுதினேன். பிறகு என் வாயிலிருந்து வந்தவை, நோட்டில் இருக்கிறபடி, இவை:

"வெள்ளிக்கிழமை வந்து முடிச்சிடறோம் டீச்சர். அதுவரைக்கும் இந்த ரூம்ல எதையும் தொடாதீங்க. கண்டினியூட்டி."

தனசேகரிடம்: "நாங்க எப்ப வந்தாலும் நீங்க இதே சட்டையில, இதே மாதிரி இருக்கணும்."

வியாழக்கிழமை ஒளிப்பதிவாளர் யூசுப்புக்கு மெட்ராஸ் ஐ வந்தது. சனிக்கிழமை எனக்கு. யூசுப் ஒற்றைக் கண்ணால் தனசேகருக்கு ஒரு செய்தி அனுப்பினார்: 'எப்ப வருவோம்னு சொல்றோம், ரெடியா இருங்க.' நான் வீட்டில் படுத்துக்கொண்டு சொட்டு மருந்து போட்ட நேரங்களை மணி வாரியாக எழுதினேன். ஒரு போன் செய்து, 'ரூமை உங்க இஷ்டப்படி வெச்சுக்கோங்க' என்று சொல்ல வேண்டும் என்பது மட்டும் தோன்றவில்லை. வீட்டாரைக் கட்டிப்போடுவதற்கு என் நோட்டில் படிவம் இருந்தது. அவிழ்ப்பதற்கு ஒரு வரிகூட இல்லை.

அந்தச் செவ்வாயிலிருந்து பதினேழு நாள் கழித்து, ஒரு வெள்ளிக்கிழமை மதியம் இரண்டு மணிக்குப் போனோம். கண் முழுதாகச் சரியாகாததால் இருவரும் கறுப்புக் கண்ணாடி. வாசலில் தனசேகர் நின்றார். பச்சைக் கட்டம், பழுப்புப் பித்தான், நீல மூடி.

"இன்னா மேடம், கண்ணு செவந்து போற அளவுக்கா அழுவீங்கோ எங்க அண்ணனுக்கு?" என்றார். "பதினேழு நாளு! ராத்திரி தொவைச்சு காலைல போட்டுக்கினு கீறேன். எந்தக் கோயிலுக்கு வேண்டுதல்னு என் சம்சாரம் கேக்குது."

"வேற சட்டை போட்டுட்டு, நாங்க வரும்போது மாத்திக்கலாமேங்க?"

"நீங்கதான சொன்னீங்கோ, எப்ப வந்தாலும்னு? எப்ப வருவீங்கோன்னு உங்களுக்கே தெரியல. எனக்கு இன்னா ஜோசியமா தெரியும்? தாடிய பாருங்கோ. அன்னிக்கு மூணு நாள் தாடி. தெனமும் மூணு நாள் தாடியாவே நிறுத்தி வெக்க ஒரு மெஷின் வாங்கிட்டேன். கடைக்காரன் சினிமால நடிக்கிறியா நைனான்னான். ஆமான்னேன்."

யூசுப் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். தோள்கள் குலுங்கின. தெருவில் போன பூக்காரம்மா நின்று, "பாவம், நெருங்குன சொந்தம் போல" என்று சொல்லிவிட்டுப் போனார். அதோடு என் கதையும் முடிந்தது. துப்பட்டாவை வாயில் திணித்துக்கொண்டு, துக்க வீட்டு வாசலில், கறுப்புக் கண்ணாடியோடு நின்றேன்.

அப்போதுதான் படிக்கட்டுப் பக்கத்திலிருந்து டீச்சரின் மகன் பிரபு வந்தார். பெங்களூரிலிருந்து அன்று காலைதான் வந்திருந்தார், தோளில் இன்னும் பை. சிரிப்பு சட்டென்று அடங்கிவிட்டது. அவர் முகம் அப்படி.

"மேடம், ஒரு நிமிஷம்," என்று என்னை ஓரமாக அழைத்துப்போனார். "இந்த பில்டிங்க இடிச்சுக் கட்டப்போறாங்க, தெரியும்ல? மத்த அஞ்சு வீடும் காலி பண்ணியாச்சு. எங்க வீடு மட்டும்தான் பாக்கி. கொட்டிவாக்கத்துல வாடகைக்கு வீடு பாத்து, சாவி வாங்கி வெச்சாச்சு. நாளைக்குக் காலைல பத்து மணிக்கு சாமான் ஏத்த மூவர்ஸ் வர்றாங்க. அம்மா அந்த ரூமத் தொடவே விடமாட்டேங்கறாங்க. கேட்டா 'கண்டினியூட்டிடா'ங்கறாங்க. போன்ல மூணு வாரமா இதேதான். கதவச் சாத்திக்கிட்டு மணிக்கணக்கா உள்ள உக்காந்திருக்காங்கன்னு சித்தப்பா சொல்றாரு. டாக்டர்கிட்ட காட்டணுமோன்னு பயமா இருக்கு."

"நான் என்ன செய்யணும்?"

"ஷூட்டிங் முடிஞ்சுது, பேக்கப்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. நான் சொன்னா கேக்க மாட்டாங்க. நீங்க சொன்னா கேப்பாங்க."

நேரம் இரண்டு பன்னிரண்டு. உள்ளே போனேன். பிரபு அறை வாசல்வரை வந்தார், உள்ளே வரவில்லை.

அறை அப்படியே இருந்தது. அதைவிடப் பயங்கரமான பாராட்டு எனக்கு இதுவரை கிடைத்ததில்லை. ஜன்னல் விளிம்பில் முதல் நாள் நான் பாதி குடித்துவிட்டு வைத்த டீ டம்ளர், மேலே ஒரு தட்டு மூடி, அதே இடத்தில். உள்ளே என்ன வளர்ந்திருந்தது என்று நோட்டில் எழுதவில்லை. நிறம் மட்டும் இருக்கிறது: சாம்பல் பச்சை. சுவர்க் கடிகாரம் நாலு இருபதில் நின்றிருந்தது. ஒலிப்பதிவில் டிக்டிக் விழுகிறது என்று பேட்டரியைக் கழற்றியவள் நான்தான். அது என் பையிலேயே பதினேழு நாள் இருந்திருக்கிறது.

"எங்க நாத்தனார் வந்திருந்தா," என்றார் டீச்சர். "கடிகாரத்தப் பாத்துட்டு, அண்ணன் போன நேரத்துலயே இதுவும் நின்னுடுச்சேன்னு ஒரே அழுகை. அவர் போனது காலைல ஆறே காலுக்கு. ஷூட்டிங்காரங்க பேட்டரிய எடுத்துட்டுப் போயிட்டாங்கன்னு சொல்ல எனக்கு மனசு வரல மேடம். நல்லா அழுதுட்டிருந்தா, பாவம்."

மறுபடி சிரிப்பு கிளம்பியது. அதை மறைக்கத்தான் நோட்டைப் பிரித்தேன். பட்டியலைச் சரிபார்க்க ஆரம்பித்தேன். ஒன்று சரி. இரண்டு சரி. போக்குவரத்துக் குறிகள் போட்ட சார்ட், சரி. அவருடைய மூக்குக் கண்ணாடி, மடக்காமல், கவிழ்த்து: சரி. பதினேழாவதில் பேனா நின்றது. பதினேழு: கியர்க் கம்பி. முதல் நாள் நியூட்ரலில் இருந்தது. இப்போது மூன்றாவது கியரில் இருந்தது.

குனிந்து பார்த்தேன். அறையெங்கும் மெல்லிய தூசி. மரப் பெடல்கள் மூன்றும் மட்டும் பளபளவென்று இருந்தன.

நான் தலை நிமிர்ந்தபோது டீச்சர் அறையில் இல்லை. சமையலறையில் இருந்தார். நான் உள்ளே போனதும் கதவை ஒருக்களித்துச் சாத்தினார்.

"மேடம், பையன் என்ன கேட்டான்னு எனக்குத் தெரியும். முடிஞ்சுதுன்னு மட்டும் சொல்லிடாதீங்க. இன்னும் ஒரு நாள், ரெண்டு நாள் வேலை இருக்குன்னு சொல்லுங்க."

"டீச்சர், கியர யாரு மாத்தினது?"

அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே. முப்பது வருடம் பிள்ளைகளின் பரீட்சைத் தாளில் காப்பியடித்ததைக் கண்டுபிடித்தவர், தானே பிடிபட்டு நின்றார். பிறகு தலையில் அடித்துக்கொண்டார்.

"தேர்ட்லயேவா விட்டுட்டேன்? நியூட்ரல் போட்டுட்டுத்தான் எறங்கணும்னு அவர் கத்து கத்துன்னு கத்துவாரு."

கதை வெளியே வந்தது. கல்யாணமான புதிதில் சந்தானம் அவருக்கு ஓட்டக் கற்றுத்தருவதாகக் கடற்கரைப் பக்கம் கூட்டிப்போயிருக்கிறார். பத்தே நிமிடத்தில் சண்டை. டீச்சர் இறங்கி, கதவை அறைந்து சாத்திவிட்டு, நடந்தே வீட்டுக்கு வந்துவிட்டார். அதற்குப் பிறகு ஸ்டீயரிங்கையே தொட மாட்டேன் என்று சபதம். ஊர்ப் பெண்களெல்லாம் அந்த அறையில் கற்றுக்கொண்டு போனார்கள். இவர் அவர்களுக்கு டீ போட்டுக் கொடுத்தார்.

"நீங்க போன மறுநாள் பெருக்கலாம்னு உள்ள போனேன். எதையும் தொடக்கூடாதுன்னு சொல்லியிருந்தீங்க. சரி, கொஞ்சம் உக்காரலாம்னு பாத்தா, ஒரு சேர்ல அவரு துண்டு, ஒண்ணுல பேப்பர், இன்னொண்ணுல பை. எதையும் நகத்தாம உக்கார இருந்தது டிரைவர் சீட் ஒண்ணுதான். உக்காந்தேன். கால் தானா கிளட்ச்சுல போச்சு."

சாயங்காலம் வந்த தனசேகர் பார்த்துவிட்டார். "இன்னா அண்ணி, ஒரே எடத்துல வண்டிய நிறுத்தி வெச்சிக்கினு கீறீங்கோ, ஃபர்ஸ்ட் போடுங்கோ" என்றாராம். அன்று ஆரம்பித்த வகுப்பு. எட்டு முடிந்திருந்தது. இரண்டு பாக்கி. பழகுநர் உரிமம், அந்த எல்.எல்.ஆர்., கூட வாங்கியாகிவிட்டது.

"பத்து முடிக்காம அவரு யாரையும் ரோட்டுல எறக்கினதில்ல மேடம். ஸ்டூலத் தூக்கிட்டுப் போயிடலாம். தரைய எப்படித் தூக்கிட்டுப் போறது?"

"பிரபுகிட்ட சொல்லலாமே?"

"புருஷன் போயி ரெண்டு மாசம் ஆகல, கார் ஓட்டக் கத்துக்கறான்னு நாத்தனார் சொல்லுவா. அவ சொன்னாக்கூட பரவாயில்ல. இவன் சிரிச்சுட்டான்னா? உங்க கண்டினியூட்டி நல்ல வார்த்தை. யாருக்கும் அர்த்தம் தெரியல. கதவச் சாத்திக்கிட்டேன்."

இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். பதினொரு நிமிடத்துக்குள் இரண்டு பேர் என்னிடம் ஒரே அதிகாரத்தைக் கடன் கேட்டார்கள். மகனுக்கு நான் 'முடிந்தது' என்று சொல்ல வேண்டும். அம்மாவுக்கு 'முடியவில்லை' என்று சொல்ல வேண்டும். இரண்டில் எது சொன்னாலும் ஒருவர் என் வார்த்தையை நம்பி ஏமாறுவார். மூன்றாவதாக எனக்குள்ளேயே ஒரு குரல் இருந்தது, அதையும் மறைக்காமல் சொல்கிறேன்: எதுவும் சொல்லாமல் இரு, நாளை காலை மூவர்ஸ் வரட்டும், அம்மாவும் பையனும் அந்த வாசலில் மோதிக்கொள்ளட்டும், கேமரா ஓடட்டும். படத்துக்கு அதைவிட நல்ல காட்சி கிடைக்காது. நீங்களும் ஒருநாள் அந்தக் குரலைக் கேட்பீர்கள். அது மிகவும் நியாயமாகப் பேசும்.

நான் சொன்னது இது: "டீச்சர், உங்க பையன்கிட்ட நான் பொய் சொல்ல மாட்டேன். உங்க ரகசியத்தையும் சொல்ல மாட்டேன். அன்னிக்குத் தொடாதீங்கன்னு சொன்னது என் தப்பு. ரூம் உங்களோடது. இப்பலேருந்து நான் சொல்றதுக்கு ஒண்ணுமே இல்ல."

டீச்சர் என்னைப் பார்த்தார். அடுப்பில் பால் பொங்கியது. அணைத்தார். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகினார்.

"அப்ப ஒன்பதாவது கிளாஸ ஆரம்பிச்சுடலாம்," என்று வெளியே போனார். வாசலில் நின்ற மகனிடம், வகுப்பில் கடைசி பெஞ்சைக் கூப்பிடுகிற குரலில் சொன்னார்: "பிரபு, பேக்க கீழ வை. பின் சீட்ல போயி உக்காரு. கொட்டிவாக்கம் போறோம்."

பிரபுவுக்குப் புரியவில்லை. அம்மா மஞ்சள் கோட்டருகே போய், இல்லாத கதவைத் திறந்து, உட்கார்ந்து, ஸ்டீயரிங்கைப் பிடித்தபோது அவர் வாய் திறந்தது. தனசேகர் மறுபக்கக் கதவைத் திறந்து ஏறினார். சட்டை கசங்காமல் இழுத்துவிட்டுக்கொண்டார். பிரபு ஓரடி எடுத்து உள்ளே வைத்தார்.

"டேய்! கதவு!" என்று இருவரும் ஒன்றாகக் கத்தினார்கள்.

முப்பத்தொரு வயது ஆள் பின்வாங்கி, கைப்பிடி எங்கே என்று தேடாமல், சரியான இடத்தில் கையை வைத்துத் திறந்தார். ஏறி, துண்டைத் தள்ளி உட்கார்ந்து, கதவை மெதுவாகச் சாத்தினார். அறைந்து சாத்தினால் அப்பாவுக்குப் பிடிக்காது என்று தெரிந்த கை அது.

எடுக்கலாமா என்று கேட்டேன். "எடுங்க. கியர் போடறப்ப மட்டும் முகத்தக் காட்டாதீங்க, நாக்கக் கடிச்சுப்பேன்," என்றார் டீச்சர்.

அடுத்து நடந்ததை வரிசையாக எழுத முயல்கிறேன். தனசேகர் அண்ணன் குரலில் ஆரம்பித்தார். "கிளட்ச்ச படார்னு உட்டா வண்டி செத்துடும்மா. தூங்கற கொழந்த தலைக்குக் கீழருந்து கைய உருவுற மாதிரி உடு." பின் சீட்டில் பிரபு, "ஐயோ, அப்படியே அப்பா," என்றார். வண்டி புறப்பட்டது. மந்தைவெளி தாண்டுவதற்குள் யூசுப் கேமராவை விட்டுவிட்டு ஆட்டோவாக மாறி, 'டுர்ர்ர்' என்று கைகாட்டாமல் குறுக்கே வந்தார். "ஊட்ல சொல்லிக்கினு வந்துட்டியா?" என்று தனசேகர் ஜன்னல் வழியாகக் கத்தினார். கறுப்புக் கண்ணாடி போட்ட ஆட்டோ பதிலுக்குக் கத்தியது. எனக்கு சிக்னல் வேலை. சிவப்பு ஃபைலைத் தூக்கிப் பிடித்துத் தொண்ணூறு வினாடி எண்ணினேன். எண்ணுவதில் நான் குறை வைப்பதில்லை.

"மேடம், கொஞ்சம் சீக்கிரம் எண்ணுங்க, பின்னால ஹாரன் அடிக்கறாங்க!" என்றார் டீச்சர். ஹாரன் அடித்தது பிரபு.

டீச்சர் சிரித்துச் சிரித்து ஸ்டீயரிங் மேல் கவிழ்ந்தார். "அண்ணி, வண்டி ஓடிக்கினு கீது, நிமிருங்கோ!" என்று தனசேகர் அலறினார். அவர் நிமிர்ந்து, கண்ணைத் துடைத்து, இரண்டாவது கியரிலிருந்து மூன்றாவதுக்குப் போனார். நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"அடையாறு பாலம்," என்றார் தனசேகர்.

பிரபு கையை நீட்டி, பழைய காரில் ஜன்னல் கண்ணாடியை இறக்கும் கைப்பிடியைச் சுற்றுவதுபோல் சுற்றினார். ஆறு சுற்று. அந்தப் பாலத்தில் அவர் அப்பா எப்போதும் கண்ணாடியை இறக்கச் சொல்வாராம், காற்றுக்கு. எனக்கு அது பிறகுதான் தெரிந்தது. டீச்சருக்கு அப்போதே தெரிந்தது. தலைக்கு மேல், பின்னால் பார்க்கும் கண்ணாடி இருக்க வேண்டிய இடத்தைப் பார்த்தார். மகன் அங்கே இருந்தார். பாலம் முடிந்ததும் ஆட்டோ மறுபடி குறுக்கே வந்தது.

கேமராவைப் பற்றிக் கேட்பீர்கள். யூசுப் ஆட்டோவாக மாறுவதற்கு முன், முதல் நாள் காட்சியோடு பொருத்திப் பார்க்கக் கடிகாரத்தின் மேல் கோணம் வைத்திருந்தார். பதிவு ஓடிக்கொண்டிருந்தது. ஆக எங்களிடம் இருந்தது இருபத்துமூன்று நிமிடம்: ஒரு சுவர், நாலு இருபதில் நின்ற ஒரு கடிகாரம், ஜன்னல் விளிம்பில் மூடி போட்ட என் டீ டம்ளர், பின்னணியில் ஐந்து பேர் கொட்டிவாக்கம் போகும் சத்தம். அதில் நான்கு நிமிடம் படத்தில் இருக்கிறது. ஆழ்வார்பேட்டையில் ஒரு சின்ன அரங்கில் போட்டபோது, கடிகாரத்தைப் பார்த்ததும் முன் வரிசையில் ஒரு பெண்மணி விம்மி அழ ஆரம்பித்தார். அவர் அந்த நாத்தனார்தான்.

மறுநாள் சனிக்கிழமை பத்தாவது வகுப்பு. மூவர்ஸ் பத்து மணிக்கு வருவதாகச் சொல்லி, உலக வழக்கத்துக்கு மாறாக, ஒன்பது பத்துக்கே வந்துவிட்டார்கள். டீச்சர் அப்போது ரிவர்ஸில் இருந்தார். பிரிட்ஜைத் தூக்கிக்கொண்டு முன்னறை வழியாக வந்த இரண்டு பேரைப் பார்த்து, "வண்டி பின்னால வருது, தெரியல?" என்று கத்தினார். அவர்கள் மிரண்டுபோய், மஞ்சள் கோட்டைச் சுற்றிக்கொண்டு பிரிட்ஜோடு போனார்கள். அதன் பிறகு கட்டில், பீரோ, கிரைண்டர் எல்லாமே அந்தக் காரைச் சுற்றித்தான் போயின. ஒருவர்கூடக் கோட்டை மிதிக்கவில்லை.

ஒன்பது நாற்பதுக்கு டீச்சர் நியூட்ரல் போட்டார். இறங்கினார். கதவைச் சாத்தினார். என்னிடம் கையை நீட்டி, "நோட்டக் குடுங்க," என்றார். ஒவ்வொரு பொருளாகக் கையில் எடுத்துப் பார்த்து, கொடுக்க வேண்டியதைக் கொடுத்து, வைக்க வேண்டியதைப் பெட்டியில் வைத்து, ஒவ்வொரு வரிக்கும் எதிரே விடைத்தாள் திருத்துகிற மாதிரி ஒரு டிக் போட்டார். மூக்குக் கண்ணாடிக்கு மட்டும் கொஞ்சம் நேரம் ஆனது. பிரபு பக்கத்தில் உட்கார்ந்து ஸ்டூலிலிருந்து ஸ்டீயரிங்கைக் கழற்றினார். நான் பேட்டரியைத் திருப்பிக் கொடுத்தேன். டீச்சர் அதைக் கடிகாரத்தில் போட்டு, நேரத்தைத் திருத்தாமலே பெட்டிக்குள் வைத்து மூடிவிட்டார். சற்று நேரத்தில் லாரியிலிருந்து, "அம்மா, பொட்டிக்குள்ள இன்னாமோ டிக்கு டிக்குங்குது!" என்று ஒரு கூச்சல் கேட்டது.

அன்றிலிருந்து என் படிவத்தில் ஒரு பத்தி கூடியிருக்கிறது. எந்தப் பொருளைத் தொடாதே என்று சொன்னோமோ, அதற்கு எதிரே, இனி தொடலாம் என்று சொன்ன நாள், நேரம். ஓய்வு பெற்றபோது என் பொருட்களில் உங்கள் அலுவலகத்துக்கு நான் கொடுத்தது அந்தப் படிவத்தை மட்டும்தான். தயவுசெய்து அந்தப் பத்தியை இடம் போதவில்லை என்று எடுத்துவிடாதீர்கள். துக்கத்தில் இருப்பவர்கள் நாம் சொல்வதை அப்படியே கேட்பார்கள். தெருவில் யாரும் நம் பேச்சை இவ்வளவு மதிப்பதில்லை என்பதால் நமக்கு அது தெரியாமல் போய்விடுகிறது.

போன ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு நாற்பதுக்கு அடையாறில் என் வீட்டு வாசலில் ஹாரன் சத்தம். எட்டிப் பார்த்தேன். சந்தானத்தின் பழைய வெள்ளைக் கார், முன்னால் எல் போர்டு. ஸ்டீயரிங்கில் டீச்சர். பக்கத்தில் பச்சைக் கட்டம், பழுப்புப் பித்தான். காலர் நைந்து நூல் தொங்கியது.

நோட்டை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனேன். தனசேகர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினார்.

"மேடம், நாப்பது ஐட்டத்துக்கும் டிக் உழுந்துடுச்சு. அன்னிக்கு நான் வெளிய லாரியண்ட நின்னுக்கினு இருந்தேன், என்ன மறந்துட்டீங்கோ. அஞ்சு மாசம் ஆச்சு. இந்தம்மா கிளாஸுக்கு வேற சட்டைல வந்தா வண்டில ஏத்த மாட்டேங்குது. ஒரு டிக் போட்டு என்ன ரிலீஸ் பண்ணுங்கோ."

எனக்கு உண்மையிலேயே வெட்கமாகப் போய்விட்டது. நாற்பத்தொன்றாவது வரியைத் தேடிப் பேனாவைத் திறந்தேன்.

"மேடம், போடாதீங்க," என்றார் டீச்சர், ரோட்டிலிருந்து கண்ணை எடுக்காமல். "அடுத்த மாசம் டெஸ்ட். அதுவரைக்கும் கண்டினியூட்டி. ஏறுங்க, பாலத்துக்கு அந்தாண்ட போயிட்டு வரலாம்."

பேனாவை மூடினேன். பின் கதவைத் திறந்து, ஏறி, மெதுவாகச் சாத்தினேன். இரண்டு முறை வண்டி செத்தது. மூன்றாவது முறை அவர் நாக்கைக் கடித்துக்கொண்டு, தூங்குகிற குழந்தையின் தலைக்குக் கீழிருந்து கையை உருவினார். ஆறு ஐம்பத்திரண்டுக்கு நகர்ந்தோம்.